பின்சில்லுச் சத்தம்: கேட்டும் கேளாதிருக்கலாமா?

"அச்சாணி இல்லாத தேர் முச்சாணும் ஓடாது" என்பது நம் முன்னோர் வாக்கு. மாட்டுவண்டில் காலத்தில் அந்த அச்சாணி எல்லோர் கண்ணுக்கும் தெரிந்தது. வண்டில் கட்டுமுன் கமக்காரன் கடையாணியைத் தட்டிப் பார்ப்பான். அச்சுக்கு மசகு போடுவான். அதன் பின்னரே மாட்டைப் பூட்டுவான். இன்று நம் குடும்பங்களின் பாரம் மோட்டார் வாகனங்களில் ஏறிவிட்டது. அவற்றின் அச்சாணியோ சில்லுக்குள்ளே மறைந்து கிடக்கின்றது. கண்ணுக்குத் தெரியாததால் கவனத்துக்கும் வருவதில்லை. அதன் பெயர் சில்லுப் பெயாரிங். அது தேய்ந்தால் எப்படி அறிவது, எப்படி மாற்றுவது, ஏன் பிற்போடக் கூடாது என்பவற்றை இக்கட்டுரையில் பார்ப்போம்.

இடம்பெயர்ந்த கமக்காரக் குடும்பங்களுக்கு இது ஏன் முக்கியம் என்று சிலர் கேட்கலாம். சொந்தக் காணியை விட்டு வந்தவருக்குக் குத்தகைத் தோட்டம் ஓரிடத்தில், குடியிருப்பு இன்னோரிடத்தில், சந்தை வேறோரிடத்தில் இருக்கின்றது. இந்த மூன்றையும் இணைப்பது பல வீடுகளில் ஒரு பழைய வாகனம். அது நின்றால் அடுப்பும் நின்றுவிடுகின்றது.

பழைய கார்களின் ஊர்

யாழ்ப்பாணக் குடாநாட்டில் பழைய ஆங்கிலேயக் கார்கள் நிலைத்து நின்றதற்குக் காரணங்கள் உண்டு. 1950களிலும் 1960களிலும் ஒஸ்ரின் ஏ40, ஒஸ்ரின் கேம்பிரிஜ், மொறிஸ் ஒக்ஸ்போட், மொறிஸ் மைனர் முதலியவை இங்கு வந்து சேர்ந்தன. அரசாங்க உத்தியோகத்தாரின் சம்பளமும் புகையிலைப் பணமும் அவற்றை வாங்கின. சுருட்டுத் தொழிலுக்குப் பெயர்பெற்ற கொக்குவில், கொண்டாவில் பகுதிகளில் இக்கார்கள் அன்று பழக்கமான காட்சி. பிறகு அவை வாடகைக் கார்களாகி மணமக்களையும் நோயாளரையும் வெங்காய மூட்டைகளையும் ஏற்றின.

1990இல் யுத்தம் மீண்டும் மூண்டபோது புகையிரதம் நின்றது. அது 2014 ஒக்டோபரிலேயே யாழ்ப்பாணத்துக்குத் திரும்பியது. 1990இலிருந்து விதிக்கப்பட்ட பொருளாதாரத் தடையில் பெற்றோல், பற்றறி, சீமெந்து, பசளை ஆகியவற்றோடு வாகன உதிரிப்பாகங்களும் அடங்கின. அக்காலத்தில் காபரேற்றரில் சில துளி பெற்றோல் விட்டு இயந்திரத்தைக் கிளப்பி, மண்ணெண்ணெயில் கார் ஓட்டியதை நம்மிற் பலர் மறக்கவில்லை. 1995 ஒக்டோபர் 30இல் வலிகாமம் முழுவதும் தென்மராட்சியை நோக்கி நடந்தபோது, அந்தச் சனத்திரளுக்கு இடையே மூட்டை முடிச்சுகளுடனும் முதியவர்களுடனும் ஊர்ந்து சென்றவற்றுள் இக்கார்களும் இருந்தன.

தடை நீங்கி, 2009இன் பின் பாதையும் திறந்து, புதிய வாகனங்கள் வந்தன. ஆனாலும் 2020 மார்ச்சில் நாட்டின் வாகன இறக்குமதி நிறுத்தப்பட்டது. தனியார் கார்களுக்கு அது 2025 பெப்ரவரியிலேயே மீண்டும் திறந்துவிடப்பட்டது. 2022இன் பொருளாதார நெருக்கடியில் எரிபொருளுக்கு வரிசையில் நின்றோம். உள்ள வாகனத்தைத் திருத்தி ஓட்டுவதே ஏழைக்கு வழி என்ற பாடத்தை யாழ்ப்பாணம் இவ்வாறு இரண்டாம் முறையும் படித்தது.

பெயாரிங் என்பது என்ன?

வண்டில் அச்சும் குடமும் ஒன்றோடொன்று நேரே உரசுகின்றன. அந்த உராய்வைக் குறைக்கவே மசகு. பெயாரிங்கில் இந்த உரசலுக்குப் பதிலாக உருளல் நடக்கின்றது. உள்ளே ஓர் உருக்கு வளையம், வெளியே ஓர் உருக்கு வளையம், இரண்டுக்கும் இடையே உருக்குக் குண்டுகள், அவற்றைச் சம இடைவெளியில் பிடித்துவைக்க ஒரு கூடு. இவ்வளவுதான். குண்டுகளும் வளையங்களும் ஏறத்தாழ 1 வீதம் காபனும் 1.5 வீதம் குரோமியமும் சேர்ந்த கடினமான உருக்கினால் ஆனவை.

இத்துறையில் உலகப் புகழ் பெற்ற ஒரு கண்டுபிடிப்பு, பழுது பார்க்கும் ஒருவரின் கையிலிருந்தே வந்தது. சுவீடன் நாட்டின் கொதன்பேர்க் நகரில் ஒரு நெசவாலையில் பராமரிப்புப் பொறியியலாளராக இருந்தவர் ஸ்வென் விங்குவிஸ்ற். ஆலை நின்ற களிமண் நிலம் அசைய, இயந்திர அச்சுகள் நேர்கோட்டிலிருந்து விலகிப் பெயாரிங்குகள் அடிக்கடி பழுதாகின. அச்சு சற்றுச் சரிந்தாலும் தானே ஒத்துக்கொடுக்கும் பெயாரிங் ஒன்றை அவர் 1907இல் அமைத்தார். எஸ்.கே.எவ். நிறுவனம் அதே ஆண்டில் தோன்றியது. அடிக்கடி உடையும் ஒன்றை "ஏன் உடைகின்றது?" என்று கேட்டவருக்கே விடை கிடைத்தது.

மொறிஸ் மைனரின் பின்னச்சு

நம் ஊரில் நன்கு அறியப்பட்ட மொறிஸ் மைனர் 1000 காரை உதாரணமாக எடுப்போம். (1950களின் முற்பகுதியில் வந்த முதல் மைனர்களின் பின்னச்சு அமைப்பு வேறு.) இதன் பின்னச்சில் வெளியே ஒரு குழாய்க்கூடு, அதனுள்ளே ஒரு தண்டு. தண்டை நம் மெக்கானிக்மார் "ஹாவ் சாவ்ற்" என்பர். சில்லைச் சுழற்றுவது தண்டின் வேலை. காரின் பாரத்தைத் தாங்குவது குழாய்க்கூட்டின் வேலை. குழாயின் நுனியில் பெயாரிங் இருக்கின்றது. அதன் மேல் ஹப், ஹப்பின் மேல் பிறேக் டிறம்மும் சில்லும். ஆகவே அந்தப் பக்கத்துப் பாரம் முழுவதும் அந்த ஒரு பெயாரிங்கினூடாகவே இறங்குகின்றது.

மைனர் 1000 காரின் நிறை ஏறத்தாழ 770 கிலோ. வெறுங்காரில் ஒவ்வொரு பின்சில்லிலும் ஏறத்தாழ 170 கிலோ நிற்கும். பின்னிருக்கையைக் கழற்றிவிட்டு 50 கிலோ மூட்டை நான்கு ஏற்றினால் ஒவ்வொரு பக்கத்துக்கும் 100 கிலோ கூடும். 170 என்பது 270 ஆகின்றது. பாரம் இரண்டு மடங்குகூட ஆகவில்லையே என்று எண்ணலாம். ஆனால் குண்டுப் பெயாரிங்கின் ஆயுள் பாரத்தின் மும்மடிக்கு ஏற்பக் குறையும் என்பது பொறியியல் விதி. பாரம் இரு மடங்கானால் ஆயுள் எட்டில் ஒன்று. நமது கணக்கில், நான்கு மூட்டையோடு தினமும் ஓடும் கார்ப் பெயாரிங்கின் ஆயுள் ஏறத்தாழ நான்கில் ஒன்றாகின்றது. மூட்டை ஏற்ற வேண்டாம் என்று சொல்ல நம்மால் முடியாது. ஏற்றுகிறவர் அடிக்கடி சோதிக்க வேண்டும் என்று சொல்லலாம்.

பாரத்தைவிட வேறு எதிரிகளும் உண்டு. மாரியில் வெள்ளத்தினுள் ஓட்டும்போது புகும் நீர், கோடையில் செம்மண் தூசு, கரையோர மணலும் உப்பும், தேய்ந்த ஒயில் சீல், தளர்ந்த நட் ஆகியன. முன்னர் பூட்டியவர் சுத்தியலால் நேரே அடித்துப் பூட்டியிருந்தால், அந்த அடியே குண்டுகளின் தடத்தில் பள்ளமாகி நிற்கும்.

சத்தம் சொல்லும் செய்தி

பெயாரிங் திடீரென்று சாவதில்லை. பல நாள் முனகியே சாகின்றது. கவனிக்க வேண்டிய அடையாளங்கள் இவை:

வேகம் கூடக் கூட உயரும் "ம்ம்ம்" என்ற உறுமல். கியரை நியூட்ரலுக்கு எடுத்து ஓடவிட்டாலும் அது மாறாது. ஒயிலை அழுத்தும்போதும் விடும்போதும் சத்தம் மாறினால் டிபரென்சியலைச் சந்தேகிக்க வேண்டும். வீதியின் தரை மாறும்போது சத்தம் மாறினால் அது ரயரின் சத்தம்.

வளைவில் மாறும் சத்தம். வலப்பக்கம் திருப்பும்போது பாரம் இடச்சில்லுக்குப் போகின்றது. அப்போது உறுமல் கூடினால் பெரும்பாலும் இடப்பக்கப் பெயாரிங்கே குற்றவாளி.

சில்லின் ஆட்டம். பின்பக்கத்தை உயர்த்திச் சில்லின் மேலும் கீழும் பிடித்து அசைத்தால் "கடக், கடக்" என்று ஆடும். சில்லைக் கையால் சுழற்றியபடி மறு கையைப் பின் வில்லில் வைத்தால், தேய்ந்த பெயாரிங்கின் நறநறப்பு விரலில் தெரியும்.

சூடு. சிறிது தூரம் ஓடியபின் இரு பின் ஹப்புகளுக்கும் அருகே புறங்கையைக் கொண்டுசென்று பாருங்கள். பிறேக் பிடித்துக்கொண்டிருக்காத நிலையில் ஒரு பக்கம் மட்டும் அதிகம் சுட்டால் காரணம் தேட வேண்டும்.

ஒயில் கசிவு. பிறேக் டிறம்மின் கீழ் ஒயில் ஊறினால் சீல் பழுது. பிறேக் பட்டி ஒயிலில் நனைந்தால் அந்தப் பக்கம் பிறேக் பிடிக்காது. இது பெயாரிங் சத்தத்தைவிட ஆபத்தானது.

ஒரு குடும்பத்தின் கணக்கு

1990இல் பலாலிப் பக்கத்துச் செம்மண்ணை விட்டு வந்து, கொக்குவிலில் உறவினர் வளவில் குடியிருக்கும் ஒரு கமக்காரர். இணுவில் பக்கம் குத்தகைக்குத் தோட்டம். மரக்கறியைத் திருநெல்வேலிச் சந்தைக்குக் கொண்டுபோவது ஒரு மைனர் கார். சென்ற வெங்காயப் போகத்தில் பின்னுக்குச் சத்தம் தொடங்கியது.

"கிழமைக் கணக்காய்க் கேட்டது பாதர். வெங்காயத்தை வித்திட்டுப் பாப்பம் எண்டு விட்டிட்டன்" என்றார் அவர்.

வெங்காயம் விற்று முடியுமுன் ஒரு விடியற்காலை, கே.கே.எஸ். வீதியில் பெயாரிங் உடைந்து ஹப் சரிந்தது. வேகம் குறைவு என்பதாலும், வீதியில் ஆட்கள் இல்லாததாலும் உயிர்ச்சேதம் இல்லை. மனைவியின் கையில் சிராய்ப்பு. ஆனால் உடைந்த பெயாரிங் தனியே போகவில்லை. உள்வளையம் சுழன்று குழாயின் நுனியை அரித்துவிட்டது. ஹப் பழுது, பிறேக் டிறம் பழுது, பிறேக் பட்டி ஒயிலில் ஊறியது. வேறொரு பழைய காரிலிருந்து பின்னச்சுக் கூடு தேட வேண்டியதாயிற்று. அதற்கிடையில் இரு கிழமை முச்சக்கர வண்டிக் கூலி கொடுத்தே மரக்கறி சந்தைக்குப் போனது. ஒரு பெயாரிங்கும் ஒரு சீலும் ஒரு நாள் வேலையும் போதுமாயிருந்த இடத்தில், அந்தப் போகத்து இலாபம் முழுவதும் கரைந்தது.

இவரைக் குறை சொல்ல எவருக்கும் மனம் வராது. கையில் காசு வரும் நாளும் வாகனம் பழுதாகும் நாளும் ஒன்றாக அமைவதில்லை. ஆயினும் சத்தம் தொடங்கிய நாளே செலவு குறைந்த நாள் என்பதை நாம் மனதில் எழுதிக்கொள்ள வேண்டும்.

மாற்றும் முறை

கீழ்க்காணும் ஒழுங்கு மைனர் 1000 வகைக்கு உரியது. முதன்முறை செய்பவர் அனுபவமுள்ள ஒருவரின் அருகிருந்து செய்வதே நல்லது.

1. சமதரையில் காரை நிறுத்துங்கள். கைப்பிறேக் பின்சில்லுகளையே பிடிப்பது. ஆகவே அதை நம்பாமல், முன்சில்லுகள் இரண்டுக்கும் முன்னும் பின்னும் கட்டை கொடுங்கள். சில்லு நிலத்தில் இருக்கும்போதே சில்லு நட்டுகளைச் சற்றுத் தளர்த்துங்கள்.

2. ஜாக்கினால் பழுதான பக்கத்தை உயர்த்துங்கள். அந்தப் பக்கம் உயர்ந்திருந்தால் அச்சினுள் உள்ள ஒயில் மறுபக்கம் ஓடிவிடும், கீழே கொட்டாது. அச்சுக்கூட்டின் கீழ் உறுதியான பனங்குற்றி அல்லது மரக்கட்டை வையுங்கள். சீமெந்துக் கல்லை ஒருபோதும் வைக்க வேண்டாம். அது முன்னறிவித்தலின்றிப் பிளக்கும். ஜாக்கை மட்டும் நம்பிக் காரின் கீழே கை, தலை நீட்டக்கூடாது.

3. சில்லைக் கழற்றிக் கைப்பிறேக்கை விடுங்கள். டிறம்மைப் பிடித்திருக்கும் திருகாணிகளை எடுத்து டிறம்மைக் கழற்றுங்கள். இறுக்கமாயின் பிறேக் சரிப்படுத்தியைத் தளர்த்துங்கள். உள்ளேயுள்ள தூசை வாயால் ஊதக்கூடாது. பழைய பிறேக் பட்டிகளில் அஸ்பெஸ்ரஸ் இருந்தது; அந்தத் தூசு நுரையீரலுக்கு நஞ்சு. ஈரத்துணியால் துடைத்துத் துணியைப் பையில் கட்டி அகற்றுங்கள். டிறம் கழன்றிருக்கும்போது பிறேக்கை எவரும் மிதிக்கக்கூடாது.

4. ஹாவ் சாவ்ற்றின் தட்டைப் பிடித்திருக்கும் திருகாணியைக் கழற்றித் தண்டை மெல்ல வெளியே இழுங்கள். இடையிலுள்ள கடதாசிப் பக்கிங் கிழியலாம். புதிது ஆயத்தமாக இருக்கட்டும்.

5. உள்ளே பெரிய ஹப் நட் தெரியும். அதைப் பூட்டியிருக்கும் தகட்டின் மடிப்பை நிமிர்த்துங்கள். இங்கே கவனம்: மைனரில் இடப்பக்க நட்டின் புரி எதிர்ப்புரி. அதாவது மணிக்கூட்டு முள் போகும் திசையில் திருப்பினால்தான் கழலும். சில்லு முன்னோக்கிச் சுழலும்போது நட் தானாகத் தளராதிருக்கவே இவ்வேற்பாடு. வலப்பக்கம் வழமையான புரி. இதை அறியாதவர் கழற்றுவதாக எண்ணி இறுக்கிப் புரியை உடைத்துவிடுவார். வேறு கார்களில் எந்தப் பக்கம் எப்படி என்பதைப் புரியை உற்றுப் பார்த்து உறுதிசெய்த பின்னரே கை வையுங்கள். உளியால் அடித்து நட்டைத் திருப்ப வேண்டாம். அளவான குழாய்ச் சாவி இல்லையெனில் ஒட்டுவேலைக் கடையில் செய்விக்கலாம்.

6. புல்லர் கொண்டு ஹப்பை இழுத்து எடுங்கள். பெயாரிங்கும் சீலும் அதனோடு வரும். சீலை அகற்றிப் பெயாரிங்கை ஹப்பிலிருந்து சுற்றிவரச் சமமாகத் தட்டி வெளியேற்றுங்கள்.

7. எல்லாவற்றையும் மண்ணெண்ணெயால் கழுவித் துடையுங்கள். குழாயின் நுனியையும் ஹப்பின் உட்புறத்தையும் நன்கு பாருங்கள். வளையம் சுழன்று தேய்ந்த அடையாளம் இருந்தால் புதிய பெயாரிங் அங்கே இறுக்கமாக நிற்காது. சிலர் பொஞ்சினால் புள்ளி புள்ளியாகக் குத்தியும், தகரத்துண்டு செருகியும் இறுக்குவர். அது சில நாள் தாங்கும். பிறகு வீதியில் விடும். லேத் வேலை தெரிந்தவரிடம் காட்டி முடிவு செய்யுங்கள்.

8. புதிய பெயாரிங் வாங்கும்போது பழையதைக் கையோடு கொண்டுபோங்கள். வளையத்தில் வெட்டிய இலக்கமே அதன் அடையாள அட்டை. பழைய ஆங்கிலேயக் கார்களில் அங்குல அளவுப் பெயாரிங்குகளும் உண்டு. ஏறக்குறையப் பொருந்தும் மில்லிமீற்றர் அளவை வாங்கி ஒப்பேற்ற வேண்டாம். பெயாரிங்கில் "ஏறக்குறைய" என்பதற்கு இடமில்லை. பெயர்பெற்ற நிறுவனத்தின் பெட்டியில் போலிகளும் வருகின்றன. மங்கிய எழுத்தும் மிகக் குறைந்த விலையும் சந்தேகத்துக்கு உரியவை. பூட்டும்வரை உறையைக் கிழிக்காதீர்கள்; ஒரு மணல் துணிக்கையே போதும்.

9. பூட்டும் பொன்விதி ஒன்று உண்டு: எந்த வளையம் இறுக்கமாகப் புகுகிறதோ அந்த வளையத்தையே தள்ள வேண்டும். ஹப்பினுள் செலுத்தும்போது வெளிவளையம். குழாயின் மேல் செலுத்தும்போது உள்வளையம். மாறி அடித்தால் அடி முழுவதும் குண்டுகளுக்குப் போகும். அழுத்தி இருந்தால் மிக நன்று. இல்லையெனில் அளவான இரும்புக் குழாயை வைத்துச் சமமாகத் தட்டலாம்.

10. பெயாரிங்கின் குண்டுகளுக்கிடையே நல்ல கிறீஸை விரலால் நிரப்புங்கள். புதிய சீலின் உதடு பெயாரிங்கை, அதாவது ஒயில் இருக்கும் பக்கத்தை, நோக்க வேண்டும். பழைய சீலை மீண்டும் போடுவது சிக்கனமாகாது.

11. கடதாசிப் பக்கிங்கை வைத்தபின், பெயாரிங்கின் வெளிவளையம் அதன் மட்டத்திலிருந்து 0.025 முதல் 0.10 மில்லிமீற்றர் வரை வெளியே நிற்க வேண்டும். எழுதும் கடதாசி ஒன்றின் தடிப்புக்குள் அடங்கும் அளவு இது. அப்போதுதான் ஹாவ் சாவ்ற்றின் தட்டு பெயாரிங்கை இறுக்கிப் பிடிக்கும். பலர் கவனியாது விடும் இடம் இது. மிகத் தடித்த கடதாசியில் பக்கிங் வெட்டினால் பெயாரிங் பிடியின்றி ஆடித் தேயும்.

12. பூட்டுத் தகட்டைப் புதிதாக இட்டு நட்டை நன்கு இறுக்கி, மடிப்பை அடியுங்கள். தண்டு, டிறம், சில்லு என ஒழுங்காகப் பூட்டுங்கள். பிறேக்கைச் சரிப்படுத்துங்கள். காரைச் சமதரையில் நிறுத்தி டிபரென்சியலின் ஒயில் மட்டத்தைப் பார்த்து, ஈ.பி. 90 கியர் ஒயில் விடுங்கள். சில கிலோமீற்றர் ஓடி ஹப்பின் சூட்டைப் பாருங்கள். 50 கிலோமீற்றர் ஓடியபின் சில்லு நட்டுகளை மீண்டும் இறுக்குங்கள்.

புதிய வாகனங்களும் பெட்டிகளும்

இன்றைய சிறிய கார்கள் பெரும்பாலும் முன்சில்லால் ஓடுபவை. அவற்றின் பின்சில்லில் தண்டு இல்லை. பலவற்றில் பெயாரிங்கும் ஹப்பும் ஒரே தொகுதியாக மூடப்பட்டு வருகின்றன. தொகுதியாகவே மாற்ற வேண்டும். வழுக்காப் பிறேக் உள்ளவற்றில் சில பெயாரிங்குகளின் ஒரு பக்கத்தில் காந்த வளையம் உண்டு. அதைத் திருப்பிப் பூட்டினால் பிறேக் விளக்கு எரியும். காந்தமுள்ள கருவிக்கு அருகிலும் அதை வைக்கக்கூடாது.

வேறு சில வாகனங்களிலும், உழவு இயந்திரப் பெட்டிகள் பலவற்றிலும் கூம்பு உருளைப் பெயாரிங்குகள் இரண்டு எதிரெதிராக இருக்கும். இவற்றை மைனரின் பெயாரிங் போல முழுப் பலத்தோடு இறுக்கக்கூடாது. நட்டை இறுக்கிச் சில்லைச் சுழற்றிப் பின் சற்றுத் தளர்த்தி, ஆட்டமும் இல்லாமல் இறுக்கமும் இல்லாமல் அமைத்துப் பிளவூசி போட வேண்டும். போகத்துக்கு ஒரு முறை கழற்றிக் கழுவிப் புதிய கிறீஸ் போடுவது பெட்டிக்காரர் கைக்கொள்ள வேண்டிய நல்ல வழக்கம்.

கைத்தொழில் என்னும் சொத்து

மேலே சொன்ன கமக்காரரின் காரைத் திருத்தியவர் அறுபது வயதைக் கடந்த ஒரு மெக்கானிக். அவரும் 1990இல் தெல்லிப்பழைப் பக்கத்திலிருந்து இடம்பெயர்ந்தவரே. கே.கே.எஸ். வீதியிலிருந்து உள்ளே செல்லும் ஓர் ஒழுங்கையில் தகரக் கொட்டிலில் வேலை செய்கின்றார். ஊரில் விட்டு வந்த கராச்சில் லேத், அழுத்தி, இரண்டு ஜாக் எல்லாம் இருந்தனவாம். திரும்பிப் போய்ப் பார்த்தபோது அத்திவாரம் மட்டுமே நின்றதாம். கமக்காரரின் மகன் ஹப் நட்டில் சாவியைப் போட்டபோது அவர் சொன்னார்: "அவசரப்படாதை தம்பி. முதல்ல புரி எந்தப் பக்கம் ஓடுதெண்டு பார். பலத்தைப் பிறகு காட்டலாம்."

தளபாடம் போனது, கையிலிருந்த தொழில் போகவில்லை. காணி, வீடு, கிணறு, கன்றுகாலி எல்லாவற்றையும் விட்டுவிட்டு ஓடிய மக்களுக்கு இதன் பொருள் விளங்கும். எல்லையில் எவரும் சோதித்துப் பறிக்க முடியாத சொத்து, கற்றுக்கொண்ட வேலை.

மொறிஸ் மைனரை வடிவமைத்தவரும் இடம்பெயர்ந்த ஒருவரே என்பதை நம்மிற் சிலரே அறிவர். அலெக் இசிகோனிஸ் 1906இல், இன்று துருக்கியில் இஸ்மிர் எனப்படும் ஸ்மேர்னா நகரில் பிறந்தார். 1922இல் யுத்தம் அந்நகரைச் சூழ்ந்தபோது குடும்பம் எல்லாவற்றையும் விட்டுக் கப்பலேறி மோல்ராத் தீவுக்குப் போனது. அங்கே தந்தை இறந்தார். தாயும் மகனும் இங்கிலாந்து சேர்ந்தனர். அந்த மகன் வரைந்த கார் 1948இல் இலண்டன் மோட்டார்க் கண்காட்சியில் வெளிவந்தது. பத்து இலட்சம் என்ற எண்ணிக்கையைத் தொட்ட முதலாவது பிரித்தானியக் கார் அதுவே. சாதாரண வருமானமுள்ள குடும்பம் வாங்கக்கூடியதாகவும், எளிதில் திருத்தக்கூடியதாகவும் அது இருந்தது.

அந்த எளிமையின் அருமையை இங்கிலாந்திலும் சிலர் உணர்ந்தார்கள். பாத் நகரில் மைனர் கார்களைப் புதுப்பித்துவந்த சார்ல்ஸ் வெயார் என்பவர், காரை எறிந்துவிட்டுப் புதிது வாங்குவதைவிடத் திருத்தித் திருத்தி ஓட்டுவதே இலாபம் என்று 1982இல் ஒரு நூல் எழுதினார். 1990களில் மைனரின் உதிரிப்பாகங்களை இங்கிலாந்துக்காகச் செய்யும் பட்டறை ஒன்று நம் நாட்டின் தெற்கிலேயே இயங்கியது. தீவின் ஒரு முனையில் அந்தக் காருக்குப் பாகங்கள் செய்யப்பட்ட அதே காலத்தில், மறு முனையில் அவற்றுக்குத் தடை இருந்தது. தடைக்குள் இருந்தவர்கள் பழையதைக் கழுவி, அளந்து, கடைந்து ஓட்டினார்கள். நம் மெக்கானிக்மாரின் திறமை அந்தப் பள்ளிக்கூடத்தில் கற்றது.

1981இல் திருத்தந்தை இரண்டாம் அருளப்பர் சின்னப்பர் மனித உழைப்பைப் பற்றி வெளியிட்ட சுற்றுமடலில், உழைப்பின் மதிப்பு முதன்மையாக அதைச் செய்யும் மனிதரிடமிருந்தே வருகின்றது என்று கற்பித்தார். கிறீஸ் படிந்த கையைக் குறைவாக எண்ணும் பழக்கம் நம் சமூகத்தில் இன்னும் ஒழியவில்லை. உத்தியோகம் இல்லையென்றால் வெளிநாடு என்பதே நம் இளைஞர் பலரின் கணக்கு. ஆனால் ஊரில் ஓடும் ஒவ்வொரு வாகனமும், தண்ணீர் இறைக்கும் ஒவ்வொரு இயந்திரமும் பெயாரிங்கில்தான் சுழல்கின்றன. புனித சூசையப்பரின் பட்டறையில் வளர்ந்தவரை ஆண்டவர் என்று அழைக்கும் நாம் கைத்தொழிலைத் தாழ்வாக எண்ணலாகாது.

நாம் செய்யக்கூடியவை

ஒரு குடும்பம் தனியே ஒரு புல்லரும், பெரிய குழாய்ச் சாவியும், நல்ல ஜாக்கும் வாங்குவது கடினம். பத்துக் குடும்பங்கள் சேர்ந்தால் கடினமல்ல. கமக்காரர் அமைப்பு, மாதர் சங்கம், பங்குச் சபை, கோயிற் சபை எதுவாயினும் ஒரு பொதுக் கருவிப் பெட்டியை வைக்கலாம். எடுத்தவர் பெயரையும் திருப்பித் தந்த நாளையும் எழுத ஒரு கொப்பி போதும். மாரி தொடங்குமுன் ஒரு சனிக்கிழமை, ஊரில் உள்ள கார்களையும் உழவு இயந்திரப் பெட்டிகளையும் ஓரிடத்தில் நிறுத்தி, அனுபவமுள்ள மெக்கானிக் ஒருவரைக் கூலி கொடுத்து அழைத்து, எல்லாச் சில்லுகளையும் உயர்த்திச் சோதிக்கலாம். பிள்ளைகள், பெண்பிள்ளைகள் உட்பட, சுற்றி நின்று பார்க்கட்டும்; ஒருவருக்கொருவர் சாவி எடுத்துக் கொடுக்கட்டும். தொழில் அப்படித்தான் தொற்றுகின்றது.

அதுவரை ஒவ்வொருவரும் இன்றே செய்யக்கூடியது ஒன்று உண்டு. நாளை சந்தைக்குப் போகும்போது வானொலியை நிறுத்திவிட்டு, கண்ணாடியை இறக்கி, பின்சில்லு இருக்கும் பக்கம் காதைக் கொடுத்துக் கேளுங்கள். முனகல் கேட்டால் மூட்டையைப் பாதியாக்குங்கள், வேகத்தைக் குறையுங்கள், அந்தக் கிழமைக்குள் சில்லைக் கழற்றுங்கள்.